கூறு எண் பதினான்கு

மேசா நகரில், மெத்தைக் கடைக்குப் பின்புறம்,
சாக்கடைக் குழாய்க்கு வெட்டிய பள்ளத்தில் நிற்கிறேன்.
காலை ஒன்பதுக்கே நூற்று நான்கு டிகிரி.
தலைக்கவசத்தின் வாரில் உப்பு பூத்திருக்கிறது.

என் வேலை எளியது.
எலியாசர் தோண்டுவதைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும்.
இயந்திரத்தின் பல்லில் பழையது ஏதும் பட்டால்
கையைத் தூக்க வேண்டும்.

செவ்வாய்க்கிழமை தூக்கினேன்.

சுண்ணாம்பு இறுகிய வெளிர்மண்ணை அரிந்துகொண்டு
பள்ளத்தின் சுவரில் ஒரு பெருங்கிண்ணத்தின் குறுக்குவெட்டு,
உள்ளே கருமண்.
அகலம் ஒன்பது மீட்டர், ஆழம் இரண்டு.
படிவத்தில் எழுதினேன்:
கூறு எண் பதினான்கு. கால்வாய்.

நகரம் என்றதும் கோட்டைச் சுவரைத் தேடுகிறவர்கள்
அரிசோனாவில் ஏமாந்துதான் போவார்கள்.
இந்தப் பாலையில் அவர்கள் கட்டியவற்றில் பெரியது ஒரு சரிவு.
மைலுக்கு இரண்டடி இறக்கம்.
கண்ணுக்குத் தெரியாது, தண்ணீருக்குத் தெரியும்.
மாடு இல்லை, சக்கரம் இல்லை, இரும்பு இல்லை.
குச்சியால் கிளறி, கல்லால் கொத்தி,
கூடை கூடையாய் வெளியே.

கரண்டியால் சுவரைச் சீவினேன்.
மண் பேசியது என்றெல்லாம் எழுதமாட்டேன்.
மண் அடுக்கியிருக்கும், அவ்வளவுதான்.
அடியில் பருமணல், வெள்ளம் வந்த ஆண்டு.
அதன்மேல் வண்டல், நகக்கனத்தில் ஏடு ஏடாக.
திடீரென்று ஏடுகள் அறுந்து ஒரு வெட்டு.
மறுபடி வண்டல். மறுபடி வெட்டு.
ஐந்து முறை எண்ணினேன்.

இதை ஆங்கிலத்தில் விளக்க மூன்று வரி பிடித்தது.
எனக்குள் சொல்லிக்கொள்ள இரண்டு சொல் போதும்:
தூர் வாரியிருக்கிறார்கள்.

ஆறாவது வண்டலில் வெட்டு இல்லை.
சின்ன நத்தை ஓடுகள்,
நாணல் வேர் அழுகிப்போன துளைகள்,
பிறகு காற்று கொண்டுவந்த மணல்,
பிறகு யாரோ ஒருவரின் பருத்திக் காட்டு உழவுச்சால்,
பிறகு தார், பிறகு வாகன நிறுத்தம்,
பிறகு இரண்டு வாங்கினால் ஒன்று இலவசம்.

"அந்த வருஷம் ஏன் யாரும் வரவில்லை?"
டெல்ஃபின் ஆன்டோனிடம் கேட்டேன்.
ஆற்றுக்கு அப்பாலிருந்து அவள் மக்கள் அனுப்பிய கண்காணிப்பாளர்.
சூரியகாந்தி விதையை மென்று தோலைத் துப்பிவிட்டுச் சொன்னாள்:
"உன் பாடப்புத்தகம் எங்களை மறைந்துபோனவர்கள் என்கிறது.
என் மாமா போன வாரம் மடை திறந்தார்.
தண்ணீர்க் கட்டணம் பற்றி ஒரு மணி நேரம் புலம்பினார்.
மறைந்தவர்கள் இவ்வளவு புலம்புவார்களா?"

வியாழக்கிழமை மதியம்.
பதினொரு மீட்டர் நீளத்துக்குக் கருமண்ணை அள்ளி முடித்து,
அவர்கள் வெட்டிய அடித்தளத்தைப் பெருக்கிவைத்திருந்தோம்.
மேற்பக்கம் எலியாசர் கை கொஞ்சம் நீட்டிவிட்டார்.
வரைபடத்தில் இல்லாத குழாய்.
ஒரு சீறல்.

ஓடு, மின்சாரம், கேமரா என்று ஆளாளுக்குக் கத்தினோம்.
தண்ணீர் யாரையும் கேட்கவில்லை.
நாலாபுறமும் சிதறி, தயங்கி,
ஒரு கணம் குட்டையாய் நின்று,
பிறகு வழி கண்டுகொண்டது.
சுவரைத் தொடவில்லை, மண்ணை அரிக்கவில்லை.
நடுத்தாரையில் நீள, மெல்ல, ஒரே வேகத்தில்,
முகப்பில் தூசியும் செத்த எறும்புகளும் சுமந்து
மேற்கே போனது.
பதினொரு மீட்டரும் போனது.

நகராட்சி ஆள் வந்து வால்வை மூடும்வரை
நான்கு பேரும் கரையில் உட்கார்ந்திருந்தோம்.
எலியாசர் அபராதத்தை எண்ணிக்கொண்டிருந்தார்.
டெல்ஃபின் பூட்ஸைக் கழற்றினாள்.
"குளோரின்," என்றாள், காலை நனைத்தபடி.
வேறொன்றும் சொல்லவில்லை.

வெள்ளிக்கிழமை குழாய் இறங்கியது. மேலே சிமெண்டுக் கூழ்.

படிவத்தில் ஒரு கட்டம்:
கடைசியாகப் பயன்பட்ட காலம்.
ஏறத்தாழ ஆயிரத்து நானூற்று ஐம்பது என்று எழுதி
அடித்துவிட்டு எழுதினேன்:
வியாழன், பிற்பகல் 2:10 முதல் 2:51 வரை.

மேலாளர் சிவப்பு வட்டம் போட்டுத் திருப்பியிருக்கிறார்.
திங்கள் வரை நேரம் இருக்கிறது.